சாலோமியின் இரண்டு விரல்கள்

சாலோமிக்கு வந்தது குஷ்டம் என்கிற பெருவியாதி இல்லை. இதை முதலில் சொல்லிவிட்டுத்தான் மற்றதைச் சொல்வேன். போன மாசி மாதம் அவளை அடக்கம் செய்துவிட்டு வந்தோம். உபதேசியார் வேதமுத்து கோயில் பதிவுப் புத்தகத்தை விரித்து, பெயர், வயது, தகப்பன் பெயர் எல்லாம் எழுதினார். நோய் என்ற இடத்துக்கு வந்ததும், கொஞ்சமும் யோசிக்காமல் "பெருவியாதி" என்று எழுதினார். அவள் செத்தது காய்ச்சலில். எனக்கு வந்த ஆத்திரத்தில் அவர் கையிலிருந்த பேனாவைப் பிடுங்கிவிட்டேன்.

"ஏன்வே, உமக்குக் கண்ணு அவிஞ்சு போச்சா? ஆறு நாளா காய்ச்சலுக்கு மருந்து குடுத்தது நானு. அது உமக்குத் தெரியாதாக்கும்?"

"சரிவே கம்பவுண்டரே, அப்ப அவ கையில இருந்தது என்ன? அதுக்கு ஒரு பேரு சொல்லும், எழுதுதேன்" என்றார் அவர்.

பேர் எனக்குத் தெரியும். டாக்டரம்மா என் முன்னால் உட்கார்ந்து எழுதிய பேர். அதைச் சொன்னால் எங்கள் ஊரில் என்ன அர்த்தம் கொள்வார்கள் என்பதும் எனக்குத் தெரியும். பேனாவை மேசைமேல் வைத்துவிட்டு வாயை மூடிக்கொண்டு வந்துவிட்டேன். அந்த வெட்கம்தான் இப்போது என்னை எழுத வைக்கிறது.

என் பெயர் எலியேசர். ஸ்ரீவைகுண்டத்துக்குக் கிழக்கே, ஆற்றுக்கும் வாய்க்காலுக்கும் நடுவில் இருக்கிற கிறிஸ்தவ ஊர் எங்களுடையது. ஊரைச் சுற்றி வாழையும் நெல்லும். மிஷன் மருந்தகத்தில் நான் இருபது வருஷமாகக் கம்பவுண்டர். வெள்ளைக்கார டாக்டரம்மா பாளையங்கோட்டையிலிருந்து மாதம் ஒருமுறை கூண்டுவண்டியில் வருவார். மற்ற நாளெல்லாம் நான்தான் டாக்டர் என்று ஊர் நினைத்துக்கொள்ளும். நானும் அப்படித்தான் நினைத்துக்கொள்வேன், பொய் சொல்வானேன்.

சாலோமி என் தெருக்காரி. சிறுவயதில் நாவல் மரத்திலிருந்து விழுந்து வலது முழங்கையை முறித்துக்கொண்டாள். ஆற்றுக்கு அந்தப்புறம் இருந்த எலும்பு வைத்தியர் மூங்கில் பத்தை வைத்துக் கட்டினார். எலும்பு கூடியது, ஆனால் கோணலாகக் கூடியது. அதிலிருந்து ஊரில் அவளுக்குக் கோணக்கைச் சாலோமி என்றுதான் பேர். அவள் அதற்கெல்லாம் அழுகிற ஆள் இல்லை. கோணக்கை என்று கூப்பிட்டவனுடைய மூக்கையோ தொப்பையையோ வைத்து அங்கேயே ஒரு பட்டப்பேரைத் திருப்பிக் கொடுத்துவிடுவாள். அவள் புருஷன் கண்டிச் சீமைத் தேயிலைத் தோட்டத்துக்குப் பிழைக்கப் போய், அங்கேயே வாந்திபேதியில் போய்ச் சேர்ந்தான். ஜெபராணி என்று ஒரே மகள். அந்தப் பிள்ளைதான் அவளுக்கு உயிர்.

வாழைத்தோட்டத்தில் களை பறிப்பாள். சனிக்கிழமை ஆனால் பிடியரிசி வாங்கப் போவாள். எங்கள் சபைப் பெண்கள் உலை வைக்கும்போதெல்லாம் ஒரு பிடி அரிசியைத் தனிப் பானையில் எடுத்து வைப்பார்கள், அது கோயிலுக்கு. அதை வீடு வீடாகப் போய் ஓலைப்பெட்டியில் வாங்கி வந்து சேர்ப்பது சாலோமியின் வேலை. அதில் அவளுக்கு ஒரு பங்கு உண்டு, அந்தப் பங்கில்தான் பாதி நாள் அடுப்பு எரியும். ஆனால் அவளுக்கு அரிசியைவிட அந்த நடைதான் பெரிசு. ஒவ்வொரு வீட்டு அடுப்படியிலும் கால் மணி நேரம் நின்று பேசுவாள். "ஏ மயினி, ஒன் கை இந்த வாரம் சின்னக் கையா போச்சே, அடுத்த வாரம் அண்ணன அள்ளிப் போடச் சொல்லு" என்று பானைக்குள் எட்டிப் பார்த்துச் சொல்வாள். கொடுத்தவளும் சிரித்துக்கொண்டே இன்னொரு பிடி போடுவாள்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினொன்றாம் வருஷம், ஐப்பசி அடைமழையில் அவள் மருந்தகத்துக்கு வந்தாள். "அண்ணாச்சி, இந்தச் சுண்டுவிரலும் பக்கத்து விரலும் மரத்துப்போய்க் கெடக்கு. எறும்பு ஊருத மாதிரி இருக்கு" என்றாள். நான் விரலைத் தொட்டுக்கூடப் பார்க்கவில்லை. ஒரு தைலத்தைக் கொடுத்து, "தேச்சுக் குளிளா, போயிரும்" என்று அனுப்பிவிட்டேன்.

போகவில்லை. தை மாதத்துக்குள் இரண்டு விரலும் உள்ளே மடங்கிக்கொண்டன. கட்டைவிரலுக்கும் ஆள்காட்டிக்கும் நடுவில் சதை வற்றிப் பள்ளமாயிற்று. அவள் கையை முந்தானைக்குள் வைத்துக்கொண்டு நடமாடினாள். ஒரு சனிக்கிழமை, வாழைத்தோட்டக்காரர் அப்பாத்துரை வீட்டு அடுப்படியில் நின்று, அவர் சம்சாரம் ஞானசௌந்தரியோடு பேசிக்கொண்டிருந்தாள். அப்போதுதான் இறக்கி வைத்த உலைப்பானையின் விளிம்பில் அவள் கை படிந்திருந்தது. அவளுக்குத் தெரியவில்லை. தோல் கருகிய வாடை வந்து ஞானசௌந்தரி திரும்பிப் பார்த்தாள். கை ஓரம் முழுக்கக் கொப்புளம். சாலோமியோ சிரித்துப் பேசிக்கொண்டே நிற்கிறாள். ஞானசௌந்தரி போட்ட கூச்சல் தெருமுனை வரை கேட்டது.

சுட்டால் தெரியாத கை எங்கள் ஊருக்கு ஒரே ஒரு வியாதியில்தான் உண்டு. அன்றைக்கு வாங்கின பிடியரிசி முழுவதையும் வாய்க்காலில் கொட்டினார்கள்.

அப்புறம் நடந்த கூத்தை வேறெந்த ஊரிலும் நடத்தியிருக்க மாட்டார்கள். உபதேசியார் வேதமுத்து வேதத்தை விரித்து வைத்துக்கொண்டு, "மோசே காலத்து முறைப்படி ஏழு நாள் அடைச்சு வச்சுப் பாப்போம்" என்றார். கோயிலுக்குப் பின்னால், பண்டிகைக்குச் சமைக்கிற அண்டாக்களைப் போட்டு வைக்கிற சாய்ப்பில் அவளை உட்கார வைத்தார்கள். ஏழாம் நாள் சபை மூப்பர்கள் நாலு பேர் போய் வெள்ளை விழுந்திருக்கிறதா, முடி நரைத்திருக்கிறதா என்று பார்த்தார்கள். ஒன்றுமில்லை. இன்னும் ஏழு நாள் என்றார்கள். பதினாலாம் நாளும் ஒன்றுமில்லை. வேதப்படி பார்த்தால் அவள் சுத்தம் என்று அன்றே எழுப்பி அனுப்பியிருக்க வேண்டும். அனுப்பவில்லை. வேதம் சொன்னதையும் நம்பாமல் டாக்டரம்மா வரட்டும் என்றார்கள். என்ன சொல்ல!

அந்தப் பதினாலு நாளும் ஜெபராணி இருந்த இருப்பை நான் கண்ணால் பார்த்தேன். பதின்மூன்று வயசுப் பிள்ளை. கஞ்சியைக் கொண்டுவந்து கதவுக்கு வெளியே வைத்துவிட்டுப் போகச் சொன்னால் போக மாட்டாள். உள்ளே போய் அம்மா பக்கத்தில் உட்கார்ந்து, ஒரே கலயத்தில் இரண்டு பேரும் குடிப்பார்கள். "எங்கம்மைக்கு ஒண்ணுமில்ல, போங்க" என்று மூப்பர்களைப் பார்த்துக் கத்துவாள்.

டாக்டரம்மா மாசி மாதம் வந்தார். சாலோமியின் கண்ணைக் கட்டிவிட்டு ஊசியால் விரல் விரலாகத் தொட்டார். சுடுதண்ணீர்க் குப்பியையும் பச்சைத்தண்ணீர்க் குப்பியையும் மாற்றி மாற்றி வைத்தார். காது மடல், முதுகு, கால் எல்லாம் வெளிச்சத்தில் பார்த்தார். கடைசியில் கோணல் முழங்கையின் பின்பக்கம் விரலால் ஒரு தட்டுத் தட்டினார். சாலோமி "யம்மோய்!" என்று துள்ளிவிட்டாள். முழங்கையை எதிலாவது இடித்துக்கொண்டால் சுண்டுவிரல் வரைக்கும் சுர்ரென்று ஓடுமே, அந்த நரம்பு. அதுதான் எலும்பு கோணிய இடத்தில் முப்பது வருஷமாக உரசி உரசிப் பழுதாகிவிட்டது என்றார். காகிதத்தில் நியூரைட்டிஸ் என்று எழுதி, கீழே கையெழுத்துப் போட்டார். பெருவியாதியிலும் நரம்புதான் கெடும். ஆனால் கெட்ட நரம்பெல்லாம் பெருவியாதி ஆகாது. அந்தச் சொல் நரம்பு கெட்டதை மட்டும்தான் சொல்லும், எதனால் கெட்டது என்பதைச் சொல்லாது. இதை எனக்கு இரண்டு தடவை விளக்கினார்.

நான் சாலோமிக்கு அதை நன்றாகத்தான் சொன்னேன். "ஏளா, கிணத்துக் கமலைக் கயிறு கோணல் உருளையில ஓடுனா நைஞ்சு போகுமா போகாதா? அதான் ஒனக்கு ஆயிருக்கு. இது தொத்து இல்ல."

"அப்ப எம்பிள்ளைய எங்கிட்ட இருந்து பிரிக்க மாட்டாவல்லா?" என்றாள். அதுதான் அவளுக்குக் கவலை. வியாதி உறுதியானால் ஜெபராணியைப் பாளையங்கோட்டை போர்டிங்கில் சேர்த்துவிட வேண்டும் என்று மூப்பர்கள் முன்னமே பேசிவிட்டார்கள்.

"பிரிக்க மாட்டாவ. காகிதம் இருக்குல்லா" என்றேன்.

சபைக் கூட்டத்தில் இதே கமலைக் கயிற்றைச் சொல்லித் தொலைத்திருந்தால் என்ன? சொல்லவில்லையே. நாலு பேர் முன்னால் இங்கிலீஷ் வார்த்தை சொல்லுகிற ஆசை. எழுந்து நின்று, காகிதத்தை உயர்த்திப் பிடித்து, "இது நியூரைட்டிஸ்" என்றேன்.

"அப்டின்னா?" என்றார் அப்பாத்துரை.

"நரம்புக்கேடு."

"நரம்பு கெட்டா சுட்டாலும் தெரியாதோ?"

"தெரியாது."

"வெரலு மடங்குமோ?"

"மடங்கும்."

"பெருவியாதிக்காரனுக்கு வெரலு மடங்குதே, அதுவும் நரம்பு கெட்டுத்தானா?"

"ஆமா, அதுவும் நரம்பு கெட்டுத்தான். ஆனா அண்ணாச்சி..."

"ஆனா என்னவே ஆனா? ரெண்டும் ஒண்ணுன்னு நீரே சொல்லுதீரு. எதுக்கு அதுக்கு ஒரு இங்கிலீஷ் பேரு?"

அதற்கு மேல் நான் கத்தியது யார் காதிலும் ஏறவில்லை. துண்டை உதறிக்கொண்டு எழுந்து போனார்கள்.

எங்கள் பக்கத்து ஏழெட்டு ஊருக்கும் நேசையா ஐயர்தான் குருவானவர். மாதத்தில் ஒரு ஞாயிறு நற்கருணை அப்பமும் திராட்சரசமும் கொடுக்க வருவார். அந்தத் தடவை சனிக்கிழமையே வந்தவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். நல்ல மனுஷர். தாடியைத் தடவிக்கொண்டே சொன்னார்: "சொல்லுக்கு அர்த்தம் சொல்லி இவங்கள நம்ப வைக்க முடியாது எலியேசர். வழக்கமா ஆம்பிளைங்களுக்குக் குடுத்துட்டுத்தான் பொம்பிளைங்களுக்குக் குடுக்குதோம். நாளைக்கு அவள முதல்ல கூப்பிடுதேன். அடுத்தாப்புல நீரு வாரும். அவ குடிச்ச பாத்திரத்துல கம்பவுண்டர் குடிச்சிட்டா ஊரு வாயடைச்சுப் போகும்."

"வாரேன் ஐயரே" என்றேன். மனசோடுதான் சொன்னேன்.

சாலோமிக்கும் அவர் சொல்லியிருந்தார். சாயங்காலம் என் வீட்டு வாசலில் வந்து நின்றாள். "அண்ணாச்சி, நாளைக்கு நீங்கதான்" என்றாள். "போளா, போய் நல்ல சேலையா எடுத்து வையி" என்று கேலி செய்து அனுப்பினேன்.

ஞாயிற்றுக்கிழமை கோயில் நிரம்பியிருந்தது. ஐயர் பெயர் சொல்லிக் கூப்பிட்டார். சாலோமி வெள்ளைச் சேலையில் முன்னால் போய் முழங்காலில் நின்றாள். நான் அவள் பக்கத்தில் ஒரு முழம் தள்ளி. அப்பம் கொடுத்தார். பிறகு வெள்ளிப் பாத்திரத்தை எடுத்து வந்தார். மடங்கின கையால் பிடிக்க முடியாமல், இடது கையால் பிடித்து வலது கையை அடியில் கொடுத்து அவள் குடித்தாள். ஐயர் பாத்திரத்தை என் கையில் தந்தார்.

எங்கள் வீடுகளில் யாரும் செம்பில் வாய் வைத்துக் குடிப்பதில்லை. புருஷன் பெண்டாட்டிகூட அண்ணாந்துதான் குடிப்போம். கோயிலில் மட்டும்தான் எல்லாரும் ஒரே பாத்திரத்தில் வாய் வைப்பது. விளிம்பில் அவள் உதடு பட்ட ஈரம் எனக்குத் தெரிந்தது. அவளுக்கு வியாதி இல்லை என்று அந்தக் கோயிலிலேயே அறிந்தவன் நான் ஒருவன். என் கை தோளுக்குப் போயிற்று. துண்டின் நுனியை எடுத்து விளிம்பை ஒரு சுற்றுத் துடைத்தேன். அப்புறம் குடித்தேன்.

நன்றாகவே குடித்தேன், ஒரு வாய் நிறைய. அதை யார் பார்த்தார்கள்? துடைத்ததைத்தான் பார்த்தார்கள். ஐயர் சபையைப் பார்த்துத் திரும்பி, வாருங்கள் என்றார். ஒருவரும் எழுந்திருக்கவில்லை. இரண்டாம் தரம் கூப்பிட்டார். அப்பாத்துரை வேட்டியை இழுத்துவிட்டுக்கொண்டு வெளியே நடந்தார், அவர் பின்னால் பாதிக் கோயில். மிச்சம் இருந்த ரசத்தை ஐயரே குடித்து முடித்தார். சாலோமி முழங்காலில் நின்றபடியே இருந்தாள்.

மருந்துக் குப்பியைத் துடைத்துத் துடைத்துக் கைப்பழக்கம், அதுதான் அப்படி ஆகிவிட்டது என்று கேட்டவர்களிடமெல்லாம் சொன்னேன். ஐயரிடமும் சொன்னேன். அது பச்சைப் பொய். எனக்குப் பயம். அர்த்தம் தெரிந்தவனுக்கும் பயம் வரும் என்பது அன்றைக்குத்தான் எனக்கே தெரிந்தது.

அடுத்த வாரமே வாய்க்கால் கடைசியில், வாழைத்தோட்டத்துக்கு அப்பால், அவளுக்கு ஒரு குடிசை போட்டார்கள். ஓலை ஒருவர், மூங்கில் ஒருவர், ஆள்கூலி அப்பாத்துரை. அன்பாகத்தான் செய்தார்கள், பாவிகள். பிடியரிசிப் பெட்டி வேறொருத்தி கைக்குப் போயிற்று. ஜெபராணியைப் போர்டிங்குக்குக் கொண்டுபோக வண்டி வந்தது. அம்மா அங்கே வந்து பார்க்கக் கூடாது என்று கண்டிப்பு. சாலோமி ரோட்டோரப் புளியமரத்தடியில் தள்ளி நின்றாள். பிள்ளை அழும், ஓடிப்போய்க் கட்டிக்கொள்ளும் என்று நான் பயந்தேன். ஜெபராணி அழவில்லை. ஏறி உட்கார்ந்து முன்பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள். மனசைக் கல்லாக்கிக்கொண்டாள் பிள்ளை என்று நினைத்தேன்.

டாக்டரம்மாவின் சொல்லை ஊர் விடவில்லை. அதற்கு நல்ல வேலை கொடுத்தது. பெருவியாதி என்று சொல்ல நாக் கூசுகிற இடத்திலெல்லாம் "நூரட்டிசு" என்றார்கள். ஆற்றங்கரைப் பிச்சைக்காரனுக்கு நூரட்டிசு. சம்பந்தம் பேசினால், அந்தக் குடும்பத்தில் நூரட்டிசு உண்டா என்று விசாரிப்பார்கள். எங்கள் ஊரில் அந்தச் சொல்லுக்கு அதுவே அர்த்தமாயிற்று. அதைக் கொண்டுவந்து கொடுத்தவன் நான்.

மூன்று வருஷம் அவள் அந்தக் குடிசையில் தனியாகக் கிடந்தாள். மருந்து கொடுக்கிற சாக்கில் நான் மட்டும் போவேன். ஒருநாள் சொன்னாள்: "அண்ணாச்சி, அந்த வியாதிக்காரங்கள வச்சுப் பாக்குத எடத்துல என்னைச் சேத்துவிடுங்க. அங்கனயாவது பேச்சுத்துணைக்கு நாலு பேரு இருப்பாவல்லா." அந்த வாயாடி கேட்டது அவ்வளவுதான். வண்டி பிடித்து ஒன்றரை நாள் பயணத்தில் அப்படி ஒரு விடுதிக்குக் கூட்டிப் போனேன். அங்கே இருந்த டாக்டர் ஒரு மணி நேரம் அவளைச் சோதித்தார். பிறகு என்னைத்தான் கோபித்தார். நோயில்லாதவளை நோயாளிகள் நடுவில் கொண்டுவந்து விட உமக்குப் புத்தி கெட்டுப்போயிற்றா, இவளை வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போம் என்றார். எந்த வீட்டுக்கு என்று அவர் கேட்கவில்லை. அவரும் ஒரு காகிதம் எழுதிக் கொடுத்தார்.

திரும்பி வருகிற வழியில் மத்தியானம் தாமிரபரணிப் படித்துறை ஒன்றில் வண்டியை நிறுத்தினோம். வண்டிக்காரன் மாடுகளை அவிழ்த்துத் தள்ளிக் கொண்டுபோனான். சாலோமி செம்பில் தண்ணீர் மொண்டு, வேண்டுமென்றே வாய் வைத்துக் குடித்தாள். குடித்துவிட்டு அதே செம்பை என்னிடம் நீட்டினாள். நான் வாங்கி, அவள் வாய் வைத்த இடத்திலேயே வைத்து, முழுவதும் குடித்தேன்.

"தொடைக்காம குடிச்சிட்டிய" என்றாள்.

"குடிச்சேன்ளா."

அவள் படித்துறையின் இரண்டு பக்கமும் பார்த்தாள். ஒரு குஞ்சும் இல்லை.

"ஆளில்லாத எடத்துல குடிச்சு எனக்கு என்ன அண்ணாச்சி?"

மன்னித்துக்கொள் என்றேன். ஜெபராணியைப் போர்டிங்கில் சேர்க்காதபடி நான் அன்றைக்கே சண்டை போட்டிருக்க வேண்டும், ஊர் உன் பிள்ளையைப் பிரித்துவிட்டது என்றேன்.

"ஊரு பிரிக்கல" என்றாள். குரலில் கோபம்கூட இல்லை. "எம்பிள்ளை அன்னைக்குக் கோயில்ல முன்வரிசையில இருந்தா. நீங்க தொடைச்சதப் பாத்துட்டா. வீட்டுக்கு வந்து சோறு போட்டேன், பசிக்கலம்மான்னுட்டா. அதுக்கப்புறம் வண்டி ஏறுத வரைக்கும் அவளே தனியாப் பொங்கித் தின்னா அண்ணாச்சி. கம்பவுண்டர் மாமாவுக்குத் தெரியாததா ஒனக்குத் தெரியும்னு எங்கிட்டயே கேட்டா."

நான் வண்டிக்காரனைக் கூப்பிட்டு மாட்டைப் பூட்டச் சொன்னேன்.